மாதத்தின் பெயரில் ஒரு விண்மீன்: ஏற்காட்டு மலையில் செய்து பார்க்க ஒரு நாட்காட்டிப் பாடம்

வகுப்பறைச் சுவரில் தொங்கும் தினசரி நாட்காட்டியில் தை முதல் நாளன்று ‘உத்தராயண புண்ணிய காலம்’ என்று அச்சாகியிருக்கும். அதே வகுப்பின் புவியியல் பாடமோ, சூரியன் தென்கோடியைத் தொட்டு வடக்கு நோக்கித் திரும்பும் நாள் டிசம்பர் 21 அல்லது 22 என்கிறது. இரண்டையும் படித்த மாணவி ஒருத்தி எழுந்து, “எது சார் சரி?” என்று கேட்டால் நாம் என்ன சொல்வோம்?

“பஞ்சாங்கம் தப்பு” என்று சொல்லிவிடலாம். “அது நம்பிக்கை, இது அறிவியல், இரண்டையும் குழப்பாதே” என்றும் சொல்லலாம். இரண்டு விடையும் அந்தக் கேள்வியை மூடிவிடும். அவள் கேட்டது உண்மையில் நல்ல வானியல் கேள்வி. அதற்கான விடையை நம் பிள்ளைகள் கண்ணால் பார்த்தே கண்டுபிடிக்க முடியும். ஏற்காடு, சேர்வராயன் மலைப் பள்ளிகளுக்கு அதில் கூடுதல் வசதி உண்டு. கார்த்திகையில் தொடங்கிச் சித்திரை வரை, மாணவர்கள் தங்கள் ஊருக்கென ஒரு நாட்காட்டியைத் தாங்களே உருவாக்கும் செயல்திட்டம் ஒன்றை இங்கே விளக்குகிறேன். தொடக்கநிலை வகுப்புகள் பார்ப்பதையும் வரைவதையும் செய்யட்டும். உயர்நிலை வகுப்புகள் கணக்கையும் சேர்த்துச் செய்யட்டும்.

பெயருக்குள் இருக்கும் நட்சத்திரம்

சித்திரை, வைகாசி என்று பன்னிரண்டு மாதங்களையும் ஒரே மூச்சில் ஒப்பிக்கும் பிள்ளைகளிடம், “இந்தப் பெயர்கள் எங்கிருந்து வந்தன?” என்று கேட்டுப் பாருங்கள். பெரும்பாலும் மௌனம்தான். அவை வானத்திலிருந்து வந்தவை. எந்த மாதத்தில் முழுநிலவு எந்த நட்சத்திரத்தின் அருகே நிற்கிறதோ, அந்த நட்சத்திரத்தின் பெயரே அந்த மாதத்தின் பெயர். சித்திரைக்குச் சித்திரை, வைகாசிக்கு விசாகம், ஆவணிக்குத் திருவோணம், புரட்டாசிக்குப் பூரட்டாதி, ஐப்பசிக்கு அசுவினி, கார்த்திகைக்குக் கார்த்திகை, மார்கழிக்கு மிருகசீரிடம், தைக்குப் பூசம், மாசிக்கு மகம். சில பெயர்கள் வழக்கில் தேய்ந்து உருமாறியிருப்பதால் சட்டென்று பிடிபடுவதில்லை. ஆனால் வைகாசி விசாகம், கார்த்திகை தீபம், தைப்பூசம், மாசி மகம், பங்குனி உத்திரம் என்று நாம் கொண்டாடும் நாட்களைக் கரும்பலகையில் வரிசையாக எழுதினால் பிள்ளைகளுக்கே விளங்கிவிடும். ஒவ்வொன்றும் ‘இந்த மாதம், இந்த நட்சத்திரம், முழுநிலவு’ என்ற குறிப்பு.

ஏன் அப்படி அமைகிறது என்பதை மைதானத்தில் பத்து நிமிடத்தில் காட்டிவிடலாம். பன்னிரண்டு பேர் ராசிப் பெயர் எழுதிய அட்டைகளுடன் வட்டமாக நிற்கட்டும். நடுவில் நிற்பவர் பூமி. வட்டத்துக்குள் இன்னொருவர் மஞ்சள் துணியுடன் சூரியனாக, ஒரு மாதத்துக்கு ஓர் அட்டை வீதம் நகரட்டும். சூரியன் மேஷத்தின் முன் நின்றால் அது சித்திரை மாதம். முழுநிலவு எப்போதும் சூரியனுக்கு நேர் எதிரே இருக்க வேண்டும். எனவே நிலவாக இருப்பவர் துலாத்தின் முன் போய் நிற்க வேண்டும். சித்திரை நட்சத்திரமும் விசாகமும் இருப்பது அந்தப் பக்கம்தான். சூரியன் விருச்சிகத்துக்கு வந்தால் முழுநிலவு ரிஷபத்தின் பக்கம், கார்த்திகைக்கும் ரோகிணிக்கும் அருகே. ஒரு ராசிக்கு இரண்டேகால் நட்சத்திரம் என்பதால், சில ஆண்டுகளில் முழுநிலவு பெயருக்குரிய நட்சத்திரத்திலிருந்து ஒன்றிரண்டு நாள் தள்ளி விழும். மார்கழி முழுநிலவைத் திருவாதிரையோடு சேர்த்துக் கொண்டாடுவது இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. திருவாதிரை மிருகசீரிடத்துக்கு அடுத்த வீடு.

நட்சத்திரங்கள் ஏன் 27 என்ற கேள்வியும் வரும். நிலவு வானத்தை ஒருமுறை சுற்றிவர 27.3 நாள் ஆகிறது. இரவுக்கு ஒரு வீடு. உயர்நிலை வகுப்புக்கு இன்னொரு கேள்வி கொடுக்கலாம். ஆனி மாதத்துக்கு பெரும்பாலும் 32 நாள், மார்கழிக்கு 29 நாள், ஏன் இப்படி? தமிழ் மாதம் என்பது சூரியன் ஒரு ராசியைக் கடக்கும் காலம். பூமி ஜனவரி தொடக்கத்தில் சூரியனுக்கு மிக அருகில் இருப்பதால் அப்போது வேகமாகச் செல்கிறது; ஜூலை தொடக்கத்தில் மெதுவாகச் செல்கிறது. கெப்ளரின் இரண்டாம் விதி நம் வீட்டு நாட்காட்டியிலேயே இருக்கிறது. இதைச் சொன்னதும் இயற்பியல் பாடத்தில் தூங்கும் மாணவன்கூடத் தாளைப் புரட்டிப் பார்ப்பான்.

ஆறாமீனைத் தேடுவது

இந்தச் செயல்திட்டத்தின் மையப் பாத்திரம் கார்த்திகை நட்சத்திரக் கூட்டம். பழந்தமிழில் அறுமீன், ஆரல் என்று பெயர்கள். ஆறாமீன் என்றும் சொல்வதுண்டு. கண்டுபிடிக்க மிக எளிது. கார்த்திகை மாதத்தின் முதல் பத்து நாட்களில், இரவு 7 மணிக்குக் கிழக்கு வானில், கையை நீட்டிப் பிடித்தால் அடிவானிலிருந்து ஏறத்தாழ ஒரு சாண் உயரத்தில், சிறு கொத்தாகத் தெரியும். சூரியன் மறையும் நேரத்தில் அது உதிக்கிறது, அதிகாலையில் மறைகிறது. இரவு முழுவதும் வானில் இருக்கும் காலம் இது. மார்கழி பிறக்கும்போது அதே 7 மணிக்கு இரண்டு சாண் உயரத்துக்கு ஏறியிருக்கும். தை தொடக்கத்தில் இரவு 8 மணியளவில் கிட்டத்தட்டத் தலைக்கு மேலே, சற்று வடக்கே. சித்திரை பிறக்கும் நாட்களில் மாலை 7 மணிக்கு மேற்கே ஒரு சாண் உயரத்துக்குத் தாழ்ந்துவிடும். சித்திரை முடிவதற்குள் மாலை வெளிச்சத்தில் காணாமல் போகும்.

எங்கே போகிறது? அதுதான் பிள்ளைகளைத் துள்ளவைக்கும் இடம். மே மாதத்தில் ‘அக்னி நட்சத்திரம்’, ‘கத்திரி வெயில்’ என்று ஊரெல்லாம் பேசுகிறார்களே, அந்த நட்சத்திரம் வேறெதுவும் இல்லை, இதே கார்த்திகைதான். மரபில் கார்த்திகைக்கு அதிதேவதை அக்னி. சூரியன் பரணியின் பிற்பாதியில் தொடங்கி, கார்த்திகையைக் கடந்து, ரோகிணியின் முதல் பாதத்தை முடிக்கும் வரையிலான நாட்களே அக்னி நட்சத்திர காலம்; இப்போது அது மே 4 முதல் 28 வரை வருகிறது. சூரியனுக்குப் பக்கத்திலேயே இருப்பதால் அந்த நாட்களில் அந்த மீன்களை யாரும் பார்க்க முடியாது. குளிர் மாதத்தில் விளக்கேற்றி வரவேற்கும் கூட்டமும், கோடையில் பேர் சொல்லி அஞ்சும் கூட்டமும் ஒன்றே என்பதை ஆறு மாதம் தொடர்ந்து பார்த்த பிள்ளை தானாகவே உணரும். சொல்லிக் கொடுத்துவிடாதீர்கள், சித்திரை வரை பொறுத்திருங்கள்.

எத்தனை மீன் தெரிகிறது என்று எண்ணி எழுதச் சொல்வது நல்ல பயிற்சி. பெரும்பாலோருக்கு ஆறு தெரியும். கூர்மையான பார்வை உள்ளவர்கள் இன்னும் ஒன்றிரண்டு சொல்வார்கள். எல்லாரும் ஆறு எண்ணும்போது ஒரு பிள்ளைக்கு மட்டும் வெறும் மங்கலான புகைபோலத் தெரிந்தால், அந்தப் பெயரைக் குறித்துக்கொண்டு கண் பரிசோதனைக்கு அனுப்புங்கள். கரும்பலகையைப் பார்க்கத் திணறும் பிள்ளை இப்படியும் கண்ணில் படலாம்.

நம் மலையின் வானம் பற்றியும் கொஞ்சம். ஏற்காடு 11 பாகை 47 கலை வட அட்சத்தில், ஏறத்தாழ 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஜூன் முதல் நவம்பர் வரை மழையும் மூடுபனியும் வானத்தை அடிக்கடி மறைக்கும். டிசம்பர் பிற்பகுதியிலிருந்து ஏப்ரல் வரை தெளிவு. லேடீஸ் சீட் பக்கம் போய்ப் பார்த்தவர்களுக்குத் தெரியும், கீழே சேலம் நகரத்தின் விளக்குகள் இரவில் ஒரு கடல்போல் விரியும். அழகுதான், ஆனால் அந்த வெளிச்சம் தெற்கு வானத்தை வெளுக்கச் செய்கிறது. ஆகவே கிழக்கு, வடக்கு, உச்சி வானத்தைப் பார்ப்பதே நல்லது. பிள்ளைகள் தங்கள் வீட்டு முற்றத்திலிருந்து, பெரியவர் ஒருவர் துணையோடு, 7.30 மணிக்குள் பார்த்துவிட்டு உள்ளே போய்விட வேண்டும். காட்டெருமை நடமாட்டம் உள்ள பகுதிகளில் முற்றத்தைத் தாண்ட வேண்டியதே இல்லை. உண்டு உறைவிடப் பள்ளிகளில் இது இன்னும் எளிது. இரவு உணவுக்கு முன் கால் மணி நேரம் போதும்.

வீட்டிலிருந்து வர வேண்டிய பாதி

நட்சத்திரம் பார்ப்பதோடு நின்றுவிட்டால் அது வானியல் மன்றத்தின் வேலை. நாட்காட்டி ஆவதற்கு ஊரின் நினைவும் வேண்டும். குறிப்பேட்டில் நான்கு பத்திகள் போடச் சொல்லுங்கள்: ஆங்கிலத் தேதி, தமிழ்த் தேதி, மாலை வானில் ஆறாமீன் இருக்கும் இடம், அன்று மலையில் நடப்பது. கார்த்திகையில் காப்பிப் பழம் பறிப்பு நடந்துகொண்டிருக்கும். பங்குனி, சித்திரையில் முதல் கோடை மழைக்குப் பின் காப்பிச் செடிகள் ஒரே நேரத்தில் வெள்ளையாகப் பூத்து மணக்கும். மிளகு, பலா, ஆரஞ்சு, வயலில் சாமை, கேழ்வரகு என்று ஒவ்வொரு ஊருக்கும் ஒரு வரிசை இருக்கும். பிள்ளைகளே எழுதட்டும், பாடநூலில் இருப்பதை எழுத வேண்டியதில்லை.

ஐந்தாவதாக ஒரு பத்தியும் வேண்டும்: வீட்டில் மூத்தவர் சொன்னது. எனக்கு இந்தத் திட்டத்தில் மிக முக்கியமாகப் படுவது அதுதான். சேர்வராயன் மலையின் பழங்குடி மக்களான மலையாளிகளின் பிள்ளைகள் நம் பள்ளிகளில் நிறையப் படிக்கிறார்கள். (வெளியூரிலிருந்து புதிதாக வரும் ஆசிரியர்களுக்காக: மலையாளி என்பது இங்கே மொழியின் பெயரன்று, அவர்களின் தாய்மொழி தமிழ்.) காஞ்சிபுரத்திலிருந்து வந்த அண்ணன் தம்பி மூவரில் ஒருவர் சேர்வராயன் மலையிலும் மற்றவர்கள் கொல்லிமலையிலும் பச்சைமலையிலும் குடியேறினார்கள் என்பது அவர்களிடையே வழங்கும் வரலாறு. விதைப்புக்கும் வேட்டைக்கும் இரவுப் பயணத்துக்கும் வானத்தைப் பார்த்தே வாழ்ந்தவர்கள் இருந்த மலை இது. அந்தப் பிள்ளையின் பாட்டிக்கு விடியற்காலை நட்சத்திரத்துக்கு ஒரு பெயர் தெரிந்திருக்கலாம். மழை வருவதற்கு ஓர் அடையாளம் தெரிந்திருக்கலாம். அதை யாரும் இதுவரை கேட்காமல் இருந்திருக்கலாம். அந்தத் தலைமுறை போய்விட்டால் அந்தப் பெயர்களும் போய்விடும். அவை எந்தப் பாடநூலிலும் அச்சாகவில்லை. இன்னொன்றும் உண்டு. தன் வீட்டில் பேசப்படுவது வகுப்பறையில் அறிவாக மதிக்கப்படுகிறது என்று காணும் பிள்ளை, வகுப்பறையைத் தன் இடமாக நினைக்கத் தொடங்கும்.

கேட்க வேண்டிய கேள்விகளை எளிமையாக வைத்துக்கொள்ளலாம். நீங்கள் பிறந்தது எந்த மாதம், எந்த நட்சத்திரம் என்று வீட்டில் சொன்னார்கள்? கடிகாரம் இல்லாத காலத்தில் இரவில் நேரத்தை எப்படித் தெரிந்துகொண்டீர்கள்? மே மாதத்தில் சேர்வராயன் கோயில் திருவிழா நடக்கிறதே, அதன் நாளை யார், எதைப் பார்த்துக் குறிக்கிறார்கள்? விடையைப் பாட்டி சொன்ன சொல்லிலேயே எழுத வேண்டும். நாம் ‘திருத்தி’ எழுதக் கூடாது. பிறந்த தேதி பற்றிய கேள்வி சுவையானது. பழைய சேர்க்கைப் பதிவேடுகளில் ஜூன் மாதத்தில் பிறந்தவர்கள் ஏன் அவ்வளவு பேர் என்பது ஆசிரியர்களாகிய நமக்கு நன்றாகத் தெரியும். பதிவேட்டில் தலைமையாசிரியர் வைத்த தேதி ஒன்று இருக்க, நட்சத்திரத்தோடு நினைவில் வைத்த பிறந்த நாள் இன்னொன்று இருக்கும்.

ஆண்டின் பெயரோடும் நினைவு ஒட்டிக்கொண்டிருக்கும். 1876இல் தொடங்கிய கொடும் பஞ்சத்தை நம் மக்கள் ‘தாது வருசப் பஞ்சம்’ என்றே நினைவில் வைத்திருக்கிறார்கள். கடுமையாகப் பாதிக்கப்பட்ட மாவட்டங்களில் சேலமும் ஒன்று. தாது என்பது அறுபது ஆண்டுச் சுழற்சியில் ஒரு பெயர். வியாழன் வானத்தைச் சுற்றிவர ஏறத்தாழ 12 ஆண்டு, சனி ஏறத்தாழ 30 ஆண்டு. இரண்டுக்கும் மீச்சிறு பொது மடங்கு 60. ஐந்தாம் வகுப்புக் கணக்கு இது. 1936-37இலும் 1996-97இலும் தாது மீண்டும் வந்தது. ஒரு பெயர் அறுபது ஆண்டுக்கு ஒருமுறை திரும்புவது ஒரு மனித ஆயுளுக்குள் போதுமான அடையாளம். நூற்றாண்டுகளைக் கடந்த வரலாற்றுக்குப் போதாது. சமூக அறிவியல் ஆசிரியர்கள் இந்த இடத்தில் தொடர் ஆண்டுக் கணக்கின் தேவையை அறிமுகப்படுத்தலாம்.

தமிழ் ஆசிரியர்களுக்கும் ஒரு பங்கு இருக்கிறது. புறநானூற்றின் 229ஆம் பாடலில் கூடலூர் கிழார், பங்குனி மாதத்து நள்ளிரவில் ஒரு விண்மீன் எரிந்து விழுந்ததைச் சொல்கிறார். அந்த நேரத்தில் எந்த நட்சத்திரம் உச்சியில் இருந்தது, எது சாய்ந்தது, எது எழுந்தது என்றும் குறிக்கிறார். அதற்கு ஏழாம் நாள் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை இறந்ததைப் பாடுகிறார். விண்மீன் வீழ்ந்ததால் மன்னன் இறந்தான் என்பதை நாம் ஏற்க வேண்டியதில்லை. ஒரு துயரத்தின் நாளைத் தேதியால் எழுதாமல் வானத்தின் நிலையால் எழுதிவைத்த முறையை மாணவர்கள் கவனிக்கட்டும். நம் குறிப்பேடும் அதையே செய்கிறது.

சோழிகளால் ஒரு கிரகணம்

நினைவு என்றால் கதை, சடங்கு மட்டும் அன்று. கணக்கும் நினைவில்தான் இருந்தது. 1825இல் சென்னையில் வெளியான ‘கால சங்கலித’ என்ற நூலை எழுதியவர் ஜான் வாரன் என்ற படை அதிகாரி; சென்னை வானாய்வகத்தின் பொறுப்பிலும் இருந்தவர். புதுச்சேரியில் தான் சந்தித்த பஞ்சாங்கக் கணிதர் ஒருவரைப் பற்றி அவர் எழுதியிருக்கிறார். அந்தக் கணிதர் தாளோ எழுதுகோலோ எடுக்கவில்லை. தரையில் சோழிகளைப் பரப்பி, சொற்களாகவும் அசைகளாகவும் மனப்பாடம் செய்து வைத்திருந்த அட்டவணைகளை நினைவிலிருந்து எடுத்து, 1825 மே 31 இரவில் நிகழவிருந்த சந்திர கிரகணத்தைக் கணித்துக் கொடுத்தார். தொடக்க நேரத்தில் பிழை 4 நிமிடம், நடுவில் 23 நிமிடம், முடிவில் 52 நிமிடம்.

வாக்கிய முறையின் அடிப்படை இதுதான். நிலவு பூமிக்கு மிக அருகே வந்து, விலகி, மறுபடி அருகே வர 27.55 நாள் ஆகிறது. இப்படி ஒன்பது சுற்று சேர்ந்தால் கிட்டத்தட்டச் சரியாக 248 நாள். ஆகவே 248 நாளுக்கும் நிலவின் இடத்தை ஒவ்வொரு வாக்கியமாக மனப்பாடம் செய்துவிட்டால், அதையே திரும்பத் திரும்பப் பயன்படுத்தலாம். எழுத்துகளுக்கு எண் மதிப்பு கொடுத்து, எண்களைச் சொற்களாக மாற்றி வைத்தார்கள். வாய்ப்பாடு ஒப்பிப்பதைக் கேலி செய்யும் காலம் இது. மனப்பாடத்துக்கும் ஒரு வேலை இருந்தது என்பதை இந்தச் சோழிகளை வைத்துச் சொல்லலாம். அதன் எல்லையையும் சொல்லலாம்: அந்தக் கணிதருக்கு அந்த முறை ஏன் வேலை செய்கிறது என்ற கோட்பாடு தெரிந்திருக்கவில்லை என்று வாரன் குறிப்பிடுகிறார். காரணம் தெரியாத கணக்கில் பிழை சேர்ந்தால் திருத்த ஆள் இருக்காது.

திருத்தியவர்களும் நம்மிடையே இருந்தார்கள். சென்னை வானாய்வகத்தில் உதவியாளராக இருந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி பஞ்சாங்கக் கணிதர் குடும்பத்தில் பிறந்தவர். 1867இல் ஒளிமாறும் விண்மீன் ஒன்றைக் கண்டுபிடித்தார். தொலைநோக்கியால் பார்த்த நிலைகளோடு பொருந்தும்படி திருக்கணித பஞ்சாங்கம் வெளியிட்டார். 1874இல் வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதை மக்களுக்கு விளக்க, உரையாடல் வடிவில் ஒரு சிறு நூல் எழுதிப் பல மொழிகளில் கொண்டுவந்தார். வாக்கியம், திருக்கணிதம் என்று இன்றும் இரண்டு பஞ்சாங்கம் கடையில் விற்பதன் பின்னால் இந்த வரலாறு இருக்கிறது.

இருபத்துநான்கு நாள் எங்கே போயிற்று?

இனி அந்த மாணவியின் கேள்விக்கு வரலாம். டிசம்பர் 10 முதல் ஜனவரி 20 வரை, பள்ளியிலோ வீட்டிலோ குறித்த ஓரிடத்தில் நின்று, சூரியன் மறையும் புள்ளியை எதிர் மலைமுகட்டின் கோட்டுப் படத்தில் பிள்ளைகள் குறிக்கட்டும். மரமோ பாறையோ அடையாளமாக இருந்தால் நல்லது. டிசம்பர் 21ஐ ஒட்டி அந்தப் புள்ளி தெற்கே போவது நின்று, சில நாள் அசையாமல் இருந்து, வடக்கே திரும்பும். தை முதல் நாளன்று அது ஏற்கெனவே சூரியனின் அகலத்தைப்போல் ஏறத்தாழ நான்கு மடங்கு வடக்கே நகர்ந்திருக்கும். ஆகவே பருவத்தைப் பொறுத்தவரை பாடநூல் சொல்வது சரி.

அப்படியானால் தை முதல் நாள் என்ன? சூரியன் மகர ராசிக்குள், அதாவது விண்மீன்களுக்கு இடையே குறித்த ஓர் இடத்துக்கு, வந்து சேரும் நாள். தமிழ் நாட்காட்டி விண்மீன்களைப் பிடித்துக்கொண்டு நடக்கிறது. ஆங்கில நாட்காட்டி பருவத்தைப் பிடித்துக்கொண்டு நடக்கிறது. பூமியின் அச்சு, சுற்றும் பம்பரம் தலையாட்டுவதுபோல் மிக மெதுவாகத் தலையாட்டுவதால், பருவ ஆண்டு விண்மீன் ஆண்டைவிட 20 நிமிடம் குறைவு. 20 நிமிடம் சேர்ந்து ஒரு நாளாவதற்கு ஏறத்தாழ 71 ஆண்டு. ஏறத்தாழ 1,700 ஆண்டுகளுக்கு முன், கி.பி. 3ஆம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டி, தை முதல் நாளும் சூரியன் திரும்பும் நாளும் ஒன்றாகவே இருந்தன. அந்த நினைவைத்தான் ‘உத்தராயணம்’ என்ற சொல் சுமந்துகொண்டிருக்கிறது. 1,700ஐ 71ஆல் வகுத்தால் வருவது 24. டிசம்பர் 21க்கும் ஜனவரி 14க்கும் இடையில் உள்ள நாட்களும் 24.

இந்த நகர்வுக்குச் சான்று கேட்கும் மாணவருக்கு விவேகானந்தரின் பிறந்த நாளைக் காட்டலாம். அவர் 1863 ஜனவரி 12 அன்று பிறந்தார். அன்று மகர சங்கராந்தி. இப்போது அது ஜனவரி 14 அல்லது 15. நூற்று அறுபது ஆண்டில் இரண்டு, மூன்று நாள் நகர்ந்திருக்கிறது. (பஞ்சாங்கம் கொள்ளும் ஆண்டு உண்மையான விண்மீன் ஆண்டைவிடச் சில நிமிடம் நீளம், 71 ஆண்டுக்கு ஒரு நாள் என்பதைவிட நகர்வு சற்று வேகமாக இருப்பதற்கு அது காரணம்.)

கத்திரி வெயிலையும் இதே கணக்கில் பின்னோக்கித் தள்ளிப் பார்க்கச் சொல்லுங்கள். மே 4 முதல் 28 வரை என்பதிலிருந்து 24 நாளைக் கழித்தால் ஏப்ரல் 10 முதல் மே 4 வரை வரும். ஏற்காட்டில் நண்பகல் சூரியன் நேர் உச்சிக்கு வந்து நிழலே விழாத நாள் ஏப்ரல் 20, 21ஐ ஒட்டியது. அந்தப் பழைய இடைவெளியின் நடுவில் கச்சிதமாக அது உட்காருகிறது! பெயர் வைத்தவர்கள் இதை எண்ணித்தான் வைத்தார்களா என்பதை வகுப்பு விவாதிக்கட்டும். கணக்கு மட்டும் பொருந்துகிறது.

மனிதர் செய்த நாட்காட்டிகள்

எதைப் பிடித்துக்கொண்டு நடப்பது என்பது மனிதர் செய்யும் தேர்வு. அதைப் பிள்ளைகளுக்குக் காட்டப் புதிய நாட்காட்டிகளே நல்ல பாடம். விடுதலைக்குப் பின் நாட்டில் முப்பது விதமான நாட்காட்டிகள் வழக்கில் இருந்தன. 1952இல் மேகநாத சாகா தலைமையில் நாட்காட்டிச் சீர்திருத்தக் குழு அமைக்கப்பட்டு, 1955இல் அறிக்கை வந்தது. 1957 மார்ச் 22, சக ஆண்டு 1879 சைத்திரம் முதல் நாளாக நடைமுறைக்கு வந்தது. பருவத்தோடு பிணைத்த, கணக்கில் குறைசொல்ல முடியாத நாட்காட்டி. அரசிதழில் இருக்கிறது; வீட்டில் இல்லை. அதில் யாருக்கும் பொங்கலோ கார்த்திகை விளக்கோ இல்லை என்பதே காரணம் என்று நான் நினைக்கிறேன். பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793இல் பத்து நாள் வாரத்துடன் கொண்டுவந்த நாட்காட்டி 1805 முடிவில் கைவிடப்பட்டது. நம் திருவள்ளுவர் ஆண்டும் 20ஆம் நூற்றாண்டில் உருவானதே. ஆங்கில ஆண்டோடு 31ஐக் கூட்டினால் கிடைப்பது. தமிழக அரசு 1971இல் நாட்குறிப்பிலும் 1972இல் அரசிதழிலும் 1981 முதல் எல்லா அலுவல்களிலும் அதைப் பின்பற்றுகிறது. அது ஒரு புலவரின் பெயரோடு சேர்ந்ததால் பள்ளி அழைப்பிதழ் வரைக்கும் வந்திருக்கிறது.

மிக அண்மைய எடுத்துக்காட்டு நியூசிலாந்தில். அங்குள்ள மாவோரி மக்கள் நம் ஆறாமீனை ‘மாதரிக்கி’ என்கிறார்கள். அவர்களின் குளிர்காலத்தில், ஜூன், ஜூலை மாதங்களின் விடியலில் அது மீண்டும் தோன்றுவதே புத்தாண்டின் அடையாளம். இறந்தவர்களை நினைப்பதும் அறுவடையை எதிர்நோக்குவதும் அந்த நாளில். நீண்ட காலம் மங்கிக் கிடந்த இந்த வழக்கம் மீட்கப்பட்டு, 2022 ஜூன் 24 அன்று முதன்முறையாக நாடு முழுவதும் பொதுவிடுமுறையாகக் கொண்டாடப்பட்டது. நம் முற்றத்தில் சித்திரைக் கடைசியில் மறையும் அதே கொத்துதான், சில வாரம் கழித்து அங்கே ஒரு நாட்டுக்கு விடுமுறை தருகிறது. உலக வரைபடத்தில் அந்தத் தீவுகளைத் தேடிப் பார்க்கப் பிள்ளைகளுக்கு இதைவிட நல்ல காரணம் வேண்டுமா?

வகுப்பில் கவனிக்க வேண்டியவை சில. ராசி, நட்சத்திரம் என்ற சொற்கள் வந்தவுடன் சோதிடப் பேச்சு வரும். இங்கே அவை வானத்தின் வீட்டு எண்கள் மட்டுமே. யாருடைய நட்சத்திரத்தையும் வைத்து யாரையும் பேசக் கூடாது என்பதை முதல் நாளே சொல்லிவிடுங்கள். எல்லாச் சமயப் பிள்ளைகளுக்கும் குறிப்பேட்டில் இடம் வேண்டும். மார்ச் 21 அன்றோ அதற்குப் பின்னரோ வரும் முதல் முழுநிலவை அடுத்த ஞாயிறுதான் ஈஸ்டர். ரமலான் பிறை பார்த்துத் தொடங்கி, ஆண்டுக்கு ஏறத்தாழ 11 நாள் முன்னேறி, எல்லாப் பருவத்தையும் சுற்றிவருகிறது. முழுக்க நிலவை நம்பும் நாட்காட்டிக்கு அது அருமையான எடுத்துக்காட்டு.

தொலைநோக்கி தேவையில்லை. பார்க்கும் ஆசை வளர்ந்த பள்ளிகள், இதே கிழக்குத் தொடர்ச்சி மலையில் ஜவ்வாது மலைக் காவலூரில் இருக்கும் வைணு பாப்பு வானாய்வகத்துக்கு, பார்வையாளர் நாளை முன்கூட்டி விசாரித்துக்கொண்டு, ஒரு பயணம் திட்டமிடலாம். 1986இல் தொடங்கி வைக்கப்பட்ட 2.34 மீட்டர் தொலைநோக்கி அங்கே இருக்கிறது.

நிழலில்லா நாள் ஆண்டுக்கு இரண்டுமுறை வரும். ஏப்ரலில் வருவது தேர்வு, விடுமுறைப் பரபரப்பில் சிக்கிக்கொள்ளும். ஆகஸ்ட் 21, 22ஐ ஒட்டி வருவது பள்ளி நாளில் வரும், ஆனால் மேகம் விட வேண்டும். ஒரு நேரான குச்சியை மைதானத்தில் நட்டுவிட்டுக் காத்திருங்கள். நம் மலையில் உச்சிவேளை கடிகாரத்தில் 12 மணிக்கு வராது, அந்த நாட்களில் 12.15ஐ ஒட்டியோ சற்றுப் பின்னரோ வரும். மதிய உணவு மணி அடித்ததும் பிள்ளைகளைக் கலைத்துவிடாமல் இருந்தால், மேகம் விலகும் ஒரு நிமிடத்தில் நிழல் குச்சியின் அடிக்குள் போய் ஒளிந்துகொள்வதைப் பார்த்துவிடலாம்.